இல்லமும் திரையும்: சிரிக்கப்பட்டவர்களும் சேர்ந்து சிரித்த கதை

இல்லங்களில் ஒருவரைப் போல் மற்றொருவர் நடித்துக் காட்டுவது வழக்கம். நெற்றியில் ஏற்றி வைத்த மூக்குக்கண்ணாடியை வீடெங்கும் தேடும் பாட்டியைப் போல் பேரன் நடித்துக் காட்டுகிறான்; வீட்டார் அனைவரும் சிரிக்கின்றனர். பாட்டியும் சேர்ந்து சிரித்துவிட்டால் அன்று வீட்டில் விருந்துதான். பாட்டி ஒன்றும் பேசாமல் எழுந்து உள்ளே போய்விட்டாலோ, அதே நடிப்பு அனைவர் நெஞ்சிலும் முள்ளாகிவிடுகிறது. நடித்தவன் ஒருவனே, நடிப்பும் ஒன்றே. அங்ஙனமிருக்க, ஒரு சிரிப்பு இனிக்கவும் மற்றொரு சிரிப்பு கசக்கவும் காரணம் யாது?

இக்கேள்விக்கு விடை தேடுகையில் நமக்குத் துணையாக வந்தது ஓர் அமெரிக்க நகைச்சுவைத் திரைப்படம் என்றால் வாசக அன்பர்கள் வியக்கக்கூடும். 2007ஆம் ஆண்டு மார்ச் மாத இறுதியில் வெளிவந்த ‘பிளேட்ஸ் ஆஃப் குளோரி’ என்பது அதன் பெயர். ‘புகழ் தரும் கத்திகள்’ என்று அதனைத் தமிழில் சொல்லலாம். வில் ஸ்பெக், ஜோஷ் கார்டன் என்னும் இருவர் இணைந்து இயக்கிய முதல் முழுநீளப் படம் அது. உலகெங்கும் ஏறத்தாழ 14½ கோடி டாலர் வசூலித்தது. வசூல் பெரிதன்று, வசூலித்த படங்கள் பல அடுத்த ஆண்டே மறக்கப்பட்டன. இதுவோ குளிர்கால ஒலிம்பிக் பந்தயங்கள் வரும்போதெல்லாம் மீண்டும் நினைக்கப்படுகிறது, மீண்டும் பார்க்கப்படுகிறது. இதன் ஆயுள் எங்கிருந்து வந்தது என்பதே நாம் இன்று ஆராயப் புகும் பொருள்.

பனித்தளமும் கண்ணீர் இருக்கையும்

முதலில் அவ்விளையாட்டைப் பற்றிச் சில சொற்கள். ‘ஃபிகர் ஸ்கேட்டிங்’ எனப்படும் பனிச்சறுக்கு நடனம், பனிக்கட்டி உறைந்த தளத்தின்மீது ஆடப்படுவது. காலணியின் அடியில் மெல்லிய எஃகுக் கத்தி பொருத்தப்பட்டிருக்கும். ஆடுவோர் இசைக்கேற்பச் சறுக்கிச் செல்வர், பம்பரம்போல் சுழல்வர், காற்றில் எழும்பி மூன்று, நான்கு சுற்றுகள் சுற்றி ஒற்றைக் காலில் இறங்குவர். 1908ஆம் ஆண்டு இலண்டன் ஒலிம்பிக்கிலேயே இது இடம்பெற்றுவிட்டது. ஆண்கள் தனியாகவும், பெண்கள் தனியாகவும், ஆணும் பெண்ணும் இணையாகவும் ஆடும் பிரிவுகள் இதில் உண்டு.

ஓட்டப் பந்தயத்தில் முதலில் வந்தவரைக் கடிகாரம் காட்டிவிடும். இங்கோ வெற்றியை முடிவு செய்பவர்கள் நடுவர்கள். எனவே உடலின் வலிமையோடு உடையின் பளபளப்பும், முகத்தின் பாவமும் இங்கே துணைக்கு வருகின்றன. ஆடி முடித்தவர்கள் மதிப்பெண்ணுக்காகக் காத்திருக்கும் இருக்கைக்கு ‘முத்தமும் கண்ணீரும்’ என்றே பெயர் வழங்குகிறது. பாதி வீரம், பாதி நாடகம் ஆகிய இக்கலையில் பகடி செய்வோருக்கு வேண்டிய சரக்கெல்லாம் முன்னரே குவிந்து கிடக்கிறது என்பது சொல்லாமலே விளங்கும்.

கதை இதுதான். சாஸ் என்பவன் முரடன், குடியன், தற்பெருமைக்காரன். ஜிம்மி என்பவன் பெற்றோர் இல்லாத பிள்ளை; வெற்றி வீரர்களை வளர்த்தெடுப்பதையே பொழுதுபோக்காகக் கொண்ட செல்வர் ஒருவரால் தத்தெடுக்கப்பட்டு, பூப்போல வளர்க்கப்பட்டவன். முன்னவனாக வில் ஃபெரலும் பின்னவனாக ஜான் ஹீடரும் நடித்துள்ளனர். 2002ஆம் ஆண்டு நடப்பதாகக் காட்டப்படும் கற்பனைப் போட்டி ஒன்றில் இருவரும் சமநிலையில் தங்கப் பதக்கம் பெறுகின்றனர். பதக்க மேடையிலேயே இருவருக்கும் அடிதடி. போட்டியின் சின்னமாக வேடமிட்டு நின்றவர் மேல் தீப்பற்றிக்கொள்ளும் அளவுக்குக் கலவரம். பதக்கங்கள் பறிக்கப்படுகின்றன; ஆண்கள் தனிப் பிரிவில் ஆட இருவருக்கும் வாழ்நாள் தடை விதிக்கப்படுகிறது. வெற்றிக்காகவே வளர்த்த தந்தை, தோற்ற பிள்ளையை நடுவழியில் இறக்கிவிட்டுப் போய்விடுகிறார்.

மூன்றரை ஆண்டுகள் கழிகின்றன. ஜிம்மி கடையொன்றில் சிறுவர்களுக்குச் சறுக்குக் காலணி மாட்டிவிடுகிறான். சாஸ் குழந்தைகள் காணும் பனிக்காட்சியில் மந்திரவாதி வேடமிட்டுக் குடிமயக்கத்தில் தள்ளாடுகிறான். அப்போதுதான் விதியில் ஓர் ஓட்டை புலப்படுகிறது. தடை தனிப் பிரிவுக்கே உரியது. இணைப் பிரிவில் ஆடக்கூடாது என்று எவரும் எழுதி வைக்கவில்லை! பரம எதிரிகள் இருவரும் வேறு வழியின்றி ஒருவர் கையை மற்றவர் பற்றிக்கொள்கின்றனர். எஞ்சிய கதையை நாம் சொல்லாமலே வாசகர்கள் ஊகித்துக்கொள்வர்.

பகடியின் பின்னே நின்ற உண்மை

இவையெல்லாம் வெறும் கட்டுக்கதை என்று தள்ளிவிடுவதற்கில்லை. மெய்யாகவே 2002 பிப்ரவரியில், அமெரிக்காவின் சால்ட் லேக் நகரில் நடந்த குளிர்கால ஒலிம்பிக்கில், இணைப் பிரிவில் ரஷ்யர்கள் முதலிடமும் கனடா நாட்டவர் இரண்டாமிடமும் பெற்றனர். பிரான்ஸ் நாட்டு நடுவரின் மதிப்பெண் நேர்மையானதன்று என்ற குற்றச்சாட்டு எழுந்தது. சில நாள்களுக்குள் கனடா இணையருக்கும் தங்கம் வழங்கப்பட்டது. ஒரே போட்டிக்கு இரண்டு தங்கங்கள்! ஆறு மதிப்பெண்ணை உச்சமாகக் கொண்ட பழைய முறையே அதன்பின் கைவிடப்பட்டு, 2004இல் புதிய மதிப்பீட்டு முறை வந்தது. திரைப்படம் தன் இரட்டைத் தங்கத்துக்கும் அதே ஆண்டைக் குறித்து வைத்திருக்கிறது.

படத்தில் ஸ்ட்ரான்ஸ், ஃபேர்சைல்ட் என்னும் அண்ணன் தங்கை இருவர் வில்லர்களாக வருகின்றனர். தங்கள் இளைய தங்கையையே மிரட்டி ஏவி, நண்பர்களைப் பிரிக்கச் சூழ்ச்சி செய்கின்றனர். இறுதிப் போட்டியன்று ஜிம்மியை விலங்கிட்டு வைக்கின்றனர். போட்டியின் நடுவிலேயே பனித்தளத்தில் முத்துகளைச் சிதறவிட்டு எதிரியின் காலை இடறுகின்றனர். ‘விளையாட்டு உலகில் இப்படியும் நடக்குமா?’ என்று கேட்கத் தோன்றும். இதனினும் கொடியது நடந்தது. 1994 ஜனவரி 6ஆம் நாள், டெட்ராய்ட் நகரில் பயிற்சி முடித்துவந்த நான்சி கெரிகன் என்னும் அமெரிக்க வீராங்கனையின் காலில் ஒருவன் தடியால் அடித்தான். போட்டியாளர் ஒருவரின் முன்னாள் கணவரும் கூட்டாளிகளும் ஏவிய ஆள் அவன். ஏறத்தாழ ஏழு வாரங்களில் கெரிகன் மீண்டெழுந்து நார்வே நாட்டு லில்லெஹம்மர் ஒலிம்பிக்கில் வெள்ளிப் பதக்கம் வென்றார்.

விதியின் ஓட்டை வழியே நுழைந்த கதையும் புதிதன்று. 1902இல் இலண்டனில் உலகப் போட்டி நடந்தது. அது ஆண்களுக்குரியது என்பது எல்லாரும் ஏற்றுக்கொண்ட வழக்கம். ஆனால் பெண்கள் ஆடக்கூடாது என்று விதி சொல்லவில்லை. மேஜ் சையர்ஸ் என்னும் ஆங்கிலப் பெண்மணி அதனைக் கண்டுகொண்டு தம் பெயரைப் பதிந்தார். ஆண்களோடு ஆடி இரண்டாமிடமும் பெற்றார். மறு ஆண்டே விதியைத் திருத்திப் பெண்களை விலக்கினர். எனினும் 1906இல் பெண்களுக்கெனத் தனிப் போட்டி பிறந்தது. 1908 ஒலிம்பிக்கில் அவரே தங்கம் வென்றார். ஆதலால், சாஸும் ஜிம்மியும் நுழைந்த குறுக்குவழி, நூறாண்டுகளுக்கு முன்பே ஒரு பெண் துணிவோடு நடந்த வழிதான்.

படத்தை எழுதியோர் தாம் எள்ளுகிற பொருளைத் தெரிந்துகொண்டு எள்ளினர். அறியாமையிலிருந்து பிறக்கும் கேலி பத்து நிமிடத்தில் தீர்ந்துபோகும். பேரனும் பாட்டியை நாள்தோறும் கவனித்தவனாதலால்தான் கண்ணாடி தேடும் கைகளின் நடுக்கம்வரை நடித்துக் காட்ட முடிந்தது. கவனிப்பு என்பது அன்பின் முதற்படி அன்றோ?

எள்ளப்பட்டவர் நகுதல்

மெய்ப்பாடுகள் எட்டனுள் நகையை முதலில் வைத்தவர் தொல்காப்பியர். நகை பிறக்கும் களங்கள் நான்கு என்று கூறி, அவற்றுள் எள்ளலை முதலாவதாகச் சொல்கிறார். அதற்கு உரை கண்ட பேராசிரியர், எள்ளலை மேலும் இரண்டாகப் பிரித்துக் காட்டுவார்: தான் பிறரை எள்ளி நகுதல் ஒன்று, பிறரால் தான் எள்ளப்பட்டவிடத்துத் தானும் நகுதல் மற்றொன்று. நாம் தொடக்கத்தில் கேட்ட கேள்விக்கு விடை இந்த இரண்டாம் வகையில் அடங்கியிருப்பதாக நமக்குத் தோன்றுகிறது.

ஏனெனில், இந்தப் படத்தில் சிறு வேடங்களில் தோன்றியவர்களின் பட்டியலைப் பாருங்கள். 1968இல் கிரெனோபிளில் தங்கம் வென்ற பெக்கி ஃபிளெமிங். 1976இல் இன்ஸ்பிரக்கில் தங்கம் வென்ற டோரத்தி ஹாமில். 1984இல் சரயேவோவில் தங்கம் வென்ற ஸ்காட் ஹாமில்டன். 1988இல் கால்கரியில் தங்கம் வென்ற பிரையன் போய்ட்டானோ. 2006இல் டூரினில் வெள்ளி வென்ற சாஷா கோஹன். எவருடைய கலையைப் படம் எள்ளுகிறதோ, அவர்களே வந்து நிற்கின்றனர். தொலைக்காட்சியில் போட்டிகளை வருணித்து வந்த ஹாமில்டன், படத்திலும் வருணனையாளராகவே வருகிறார். எல்லாவற்றுக்கும் மேலாக, தடியடி பட்ட நான்சி கெரிகனும் ஒரு சிறு வேடத்தில் வருகிறார். போட்டியாளரின் காலை இடறும் பொறாமையைப் பகடி செய்யும் படத்தில், அந்தப் பொறாமையினால் அடிபட்டவரே வந்து நிற்கச் சம்மதித்தாரெனில், அதனினும் பெரிய நற்சான்று ஒரு நகைச்சுவைக்குக் கிடைக்கப் போவதில்லை.

நடனங்களை அமைத்தவரும் வெளியாள் அல்லர். பனிச்சறுக்கு உலகில் பெயர்பெற்ற நடன அமைப்பாளரான சாரா கவஹாரா அப்பணியை ஏற்றார். ஆபத்தான தாவல்களுக்கு மாற்று ஆட்களும் கணினி நுட்பமும் கைகொடுத்த போதிலும், நடிகர்களும் பனித்தளத்தில் இறங்கிப் பயிற்சி பெற்றனர். அப்பயிற்சியின்போது ஜான் ஹீடரின் கணுக்கால் முறிந்தது; படப்பிடிப்புத் தாமதமாயிற்று. மயில்தோகை உடை அணிந்து அவர் ஆடும் காட்சியைப் பார்த்து நாம் விழுந்து விழுந்து சிரிக்கிறோம். ஆனால் அந்தச் சிரிப்புக்குப் பின்னே ஒரு முறிந்த கால் உண்டு.

கத்தியும் கழுத்தும்

இவ்வளவும் வெளிப்புறம். உட்புறத்தில் இப்படத்தைத் தாங்கி நிற்பது வேறொன்று. அதுதான் நம்பிக்கை.

இணைப் பிரிவில் ஆடும் பெண்ணை ஆண் ஒற்றைக் கையால் தலைக்கு மேல் தூக்கி, பனியின்மேல் விரைந்து கொண்டே சுழல்கிறான். அவளைக் காற்றில் வீசி எறிகிறான். அவள் சுழன்று கத்தி முனையில் இறங்குகிறாள். ‘மரணச் சுழல்’ என்றொரு முறையில் அவன் ஊன்றி நிற்க, அவள் தலை பனியைத் தொடுவதுபோல் தாழ்ந்து வட்டமிடுகிறது. பிடித்த கை நழுவினால் என்னவாகும்?

அதற்கும் விடை உண்டு. 2004 அக்டோபரில் பிட்ஸ்பர்க் நகரில் நடந்த போட்டியில், மாக்சிம் மரினின் தலைக்கு மேல் தூக்கியிருந்த தத்தியானா தொத்மியானினா தவறி விழுந்து, பனியில் தலை மோத நினைவிழந்தார். அதே இருவர் மீண்டும் கைகோத்தனர். 2006இல் டூரின் ஒலிம்பிக்கில் தங்கம் வென்றனர். 2007 பிப்ரவரியில், இப்படம் வெளிவருவதற்குச் சில வாரங்களுக்கு முன்னர், கனடாவின் ஜெசிக்கா துபேயும் பிரைஸ் டேவிசனும் அருகருகே சுழன்றபோது, டேவிசனின் காலணிக் கத்தி துபேயின் முகத்தைக் கிழித்தது. அவ்விருவரும் மறு ஆண்டு உலகப் போட்டியில் வெண்கலம் வென்றனர். விழுந்தவள் மீண்டும் அதே கையை நம்பித் தன்னைக் கொடுப்பதும், விழவிட்டவன் மீண்டும் அவளைத் தூக்கத் துணிவதும் எளிய செயல்களா? இரண்டில் எது கடினம் என்று நம்மால் சொல்ல முடியவில்லை.

இந்த உண்மையைத்தான் படம் தன் உச்சக் காட்சியில் கோமாளி வேடத்தில் காட்டுகிறது. ‘இரும்புத் தாமரை’ என்றொரு கற்பனை வித்தை. ஒருவர் மற்றவரைச் சுழற்றி எறிய, கத்தி கழுத்தை ஒட்டிப் பாயும். முன்பு ஒரே ஒருமுறை வட கொரியாவில் செய்து பார்த்தபோது தலையே துண்டானதாகக் கதை. இறுதிப் போட்டியில் எதிரி சிதறவிட்ட முத்தினால் சாஸின் கணுக்கால் முறிகிறது. ஆட்டம் முடிந்தது என்று எல்லாரும் எண்ணும் நேரத்தில், ‘இடம் மாறிக்கொள்வோம், உன் பங்கை நான் ஏற்கிறேன்’ என்று முன்வருகிறான் ஜிம்மி. பதக்க மேடையில் ஒருவன் முகத்தில் மற்றவன் குத்திய அந்த இருவர்தாம், இப்போது ஒருவன் கழுத்தை மற்றவன் கத்திக்கு ஒப்படைக்கின்றனர்! நாம் சிரிக்கிறோம், ஆனால் சிரித்துக்கொண்டே மூச்சை அடக்கிக்கொள்கிறோம். சிரிப்பும் அச்சமும் ஒருங்கே எழும் அந்த நொடியில்தான் இந்தப் படத்தின் ஆயுள் இருக்கிறது.

ஒருவனை வளர்த்த தந்தை கைவிட்டார். மற்றவனை ஊர் கைவிட்டது. இருவரும் ‘நானே முதல்வன்’ என்று இருந்தபோது தங்கம் கையில் தங்கவில்லை. தனித்து ஆடத் தடை வந்த பின்னரே தன் உயிர் இன்னொருவன் கையில் இருப்பதை ஒவ்வொருவனும் அறிந்தான். பகடிக்குள் இப்படியொரு பொருளை வைத்தமையால்தான், நகைச்சுவைத் துணுக்குகள் பழையனவாகிய பின்னும் கதை பழையதாகவில்லை.

குறைகளும் உண்டு

குற்றமற்ற படம் என்று நாம் கூறவில்லை. கொச்சையான பேச்சும் தரக்குறைவான நகைப்பும் இடையிடையே உள்ளன. சாஸின் ஒழுக்கக்கேடு பலமுறை வேடிக்கையாகவே காட்டப்படுகிறது. அமெரிக்கத் தணிக்கை முறையிலும், 13 வயதுக்குட்பட்டோரைப் பொறுத்தவரை பெற்றோர் எச்சரிக்கையாயிருத்தல் வேண்டும் என்னும் வகையிலேயே இது சேர்க்கப்பட்டது. எனவே சிறுவர்களைத் தனியே உட்காரவைத்துக் காட்டத்தக்கதன்று. பெற்றோர் முன்னர்ப் பார்த்து முடிவு செய்வது நலம்.

மற்றொரு குறையும் உண்டு. ஆணும் ஆணும் கைகோத்து ஆடுவதே கேலிக்குரியது என்ற எண்ணத்தின் மேல் இப்படம் பல சிரிப்புகளைக் கட்டியது. காலம் அச்சிரிப்புகளைக் கடந்து போயிற்று. 2022 டிசம்பரில் கனடாவின் பனிச்சறுக்குச் சங்கம், தன் உள்நாட்டுப் போட்டிகளில் இணை என்பது ஆணும் பெண்ணுமாகத்தான் இருக்கவேண்டும் என்ற விதியை நீக்கி, எவரேனும் இருவர் என்று மாற்றிக்கொண்டது. அன்று சிரிப்பதற்காகப் புனைந்த விதி ஓட்டை, இன்று ஒரு நாட்டில் விதியாகவே ஆகிவிட்டது. இதனால் விளங்குவது யாதெனில், பிறரைத் தாழ்த்தி எழுப்பும் சிரிப்பு விரைவில் நரைத்துவிடும். மனித இயல்பின் தற்பெருமையையும் பொறாமையையும் பார்த்து எழும் சிரிப்பு நரைப்பதில்லை. ஒரே படத்தில் இருவகைச் சிரிப்பும் உள்ளன. எது வாடிற்று, எது வாடவில்லை என்பதை இன்று பார்ப்பவர் எவரும் எளிதில் பிரித்தறியலாம்.

பாட்டியிடம் திரும்புவோம்

இனி நம் வீட்டுக் கூடத்துக்குத் திரும்புவோம். பேரனின் நடிப்பைக் கண்டு பாட்டி சிரிப்பதற்கும் எழுந்து போவதற்கும் இடையே உள்ள வேறுபாடு இப்போது ஓரளவு தெளிவாகிறது. பேரன் பாட்டியை நன்கறிந்திருக்க வேண்டும். தன் அசட்டுத்தனங்களையும் பிறர் நடித்துக் காட்ட இடங்கொடுப்பவனாயிருக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, பாட்டி தடுமாறும் நேரத்தில் பிடித்துக்கொள்ளும் கை அவனுடையதே என்பதைப் பாட்டி அறிந்திருக்க வேண்டும். கை பிடிப்பவன் செய்யும் கேலி வலிப்பதில்லை. கைவிட்டவன் செய்யும் கேலியோ, சொல் ஒன்றேயாயினும், புண்ணாகிறது.

நம் குடும்பங்களில் கேலிப் பேச்சுக்குப் பஞ்சமில்லை. மூத்தவன் இளையவனின் திக்குவாயை நடித்துக் காட்டுகிறான். கணவர் மனைவியின் சமையலை விருந்தினர் முன் எள்ளுகிறார். மாமியார் மருமகளின் ஊர்ப் பேச்சைப் பழிக்கிறார். ‘விளையாட்டுக்குச் சொன்னேன்’ என்பது அனைவரும் சொல்லும் சமாதானம். விளையாட்டுத்தானா என்பதை அறிய ஓர் எளிய வழி உண்டு. சொன்னவர் முகத்தைப் பார்க்க வேண்டா. சிரிக்கும் கூட்டத்தையும் பார்க்க வேண்டா. சொல்லப்பட்டவர் முகத்தைப் பார்த்தால் போதும். அங்கே சிரிப்பு இருக்குமாயின், அது மெய்யாகவே கண்களிலிருந்து வருமாயின், நன்று, தொடரலாம். இல்லையேல், அன்றிரவு விளக்கணைக்கும் முன் அவரருகே சென்று ஒரு சொல் சொல்வதே முறை.

பாட்டியின் கண்ணாடி இன்னும் நெற்றியில்தான் இருக்கிறது. பேரன் அடுத்த முறை நடித்துக் காட்டும்போது, முதலில் அதை எடுத்து அவர் கண்களில் மாட்டிவிடட்டும். அவரும் நன்றாகப் பார்த்துச் சிரிக்கட்டும்.